கேமராவைத் தோளுக்குப் பின்னால் வைக்கச் சொன்னது நான்தான்

ஒரகடம் மேம்பாலத்துக்குக் கீழே, ஆண்கள் விடுதி விளம்பரத்துக்கும் ‘உடனடி வேலை’ நோட்டீசுக்கும் நடுவில் அவளுடைய படத்தின் போஸ்டர் ஒட்டியிருந்தது. கம்பெனி பஸ் சிக்னலில் நின்றதால் நன்றாகவே பார்க்க முடிந்தது. ஒரு பெண்ணின் முதுகு, எண்ணெய் வழிய வாரிய பின்னல், தோளில் டிபன் பை. கீழே எழுத்து, இயக்கம் என்று போட்டு அவள் பெயர். பக்கத்து சீட்டுப் பெண் என் கையைத் தட்டி, இவங்க உங்க ஃபிரெண்டுதானேக்கா, உங்க வூட்டு மாடியிலதானே இருந்தாங்க என்று கேட்டாள். ஆமாம் என்றேன். உங்களுக்கு எவ்வளவு பெருமையாக இருக்கும் என்றாள். பெருமையாவது மண்ணாங்கட்டியாவது. கம்பெனி கேட் வரும்வரை அந்தப் பெண் பக்கம் நான் திரும்பவே இல்லை.

எனக்குப் பொறாமை. இதை வேறு யாரும் கண்டுபிடித்துச் சொல்ல வேண்டாம், நானே சொல்லிவிடுகிறேன். பொறாமைப்படுவது கேவலம் என்று சொல்கிறவர்களோடு ஒரே வகுப்பில் படித்து, ஒரே தட்டில் தின்று, ஒரே வேலையில் சேர்ந்த தோழி யாரும் சினிமா எடுக்கப் போயிருக்க மாட்டாள். போயிருந்தால் தெரியும்.

சென்னையில் ஒரு டிசைன் கல்லூரியில்தான் அவளைப் பார்த்தேன். அவள் தூத்துக்குடிப் பக்கம், நான் பென்னலூர். நாற்காலி, மின்விசிறி, தண்ணீர் பாட்டில் என்று புழங்குகிற பொருள்களை எப்படி வடிவமைப்பது என்பதுதான் படிப்பு. அந்த வகுப்பில் நன்றாக வரைகிறவள் நான். தற்பெருமை இல்லை, உள்ளதைச் சொல்கிறேன். என் படங்களைத்தான் சுவரில் ஒட்டுவார்கள். அவளுக்கு ஒரு வட்டம் ஒழுங்காக வராது. ஆனால் கோணல் வட்டத்தைப் போட்டுவிட்டு அது ஏன் கோணலாக இருக்கிறது என்று கால் மணி நேரம் பேசுவாள், வாத்தியார்கள் தலையாட்டிக்கொண்டு கேட்பார்கள். வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்று எங்கள் அம்மா சும்மாவா சொல்கிறாள்.

படிப்பு முடிந்து இருவருக்கும் ஒரகடத்தில் கார் சீட் செய்கிற கம்பெனியில் வேலை கிடைத்தது. இனி இந்தியாவில் ஓடுகிற காரெல்லாம் நாங்கள் வரைந்த சீட்டில்தான் ஓடும் என்று நினைத்துக்கொண்டு போனோம். போன பிறகுதான் தெரிந்தது, சீட்டின் வரைபடம் வெளிநாட்டிலிருந்து வந்துவிடும். எங்களைப் பயிற்சிப் பிரிவில் போட்டார்கள். சீட் பூட்டுகிற லைனுக்குப் புதிதாக வருகிற பையன்களுக்கும் பெண்களுக்கும் வேலையைப் படம் போட்டுச் சொல்லித் தர வேண்டும். பாதிப் பேர் மதுரை, ராமநாதபுரம் பக்கம். மீதிப் பேர் ஒடிசா, பீகார். எந்த மொழியில் எழுதினாலும் பாதிப் பேருக்குப் புரியாது. அதனால் எழுத்து இல்லை, குரல் இல்லை, வெறும் படம். முதலில் நான் வரைந்த படங்களை லைனில் ஒட்டினார்கள். பிறகு மேனேஜர் எங்கிருந்தோ ஒரு கேமராவைக் கொண்டு வந்து, வீடியோவாக எடுங்களேன் என்றார். நான் கை நீட்டுவதற்குள் அவள் வாங்கிக் கழுத்தில் மாட்டிக்கொண்டாள்.

அவள் எங்கள் வீட்டு மாடி அறைக்குக் குடிவந்ததும் அப்போதுதான். அப்பா இறந்த பிறகு வீட்டில் அம்மாவும் நானும் மட்டும். அம்மாவுக்கு அவளை முதல் நாளே பிடித்துப்போயிற்று. மீன் குழம்பு வைத்தால் நடுத்துண்டு அவளுக்கு, வால் எனக்கு. அப்போதே நான் உஷாராகியிருக்க வேண்டும்.

முதல் வீடியோ சீட்டுக்கு உறை மாட்டுவது. அதில் ஒரு முறை இருக்கிறது. உறையைச் சீட்டின் தலைப்பக்கம் மாட்டியதும் இடப்பக்கத்தை முதலில் இழுத்துக் கொக்கியில் பூட்ட வேண்டும், அப்புறம்தான் வலப்பக்கம். மாற்றிச் செய்தால் நடுவில் ஓடுகிற தையல் கோணிக்கொள்ளும். லைனிலேயே கைத்திறமைக்குப் பேர்போன ஓர் அண்ணனை நிற்க வைத்து அவள் நேர் எதிரே நின்று எடுத்தாள். அந்த அண்ணன் முகத்தில் பவுடர் வேறு போட்டுக்கொண்டு வந்திருந்தார். முகம் எதற்கு, கை தெரிந்தால் போதாதா என்று கேட்டேன். முகம் தெரியாத படத்தை எவன் பார்ப்பான் என்று அவள் என்னையே திருப்பிக் கேட்டாள். இந்த வாக்கியத்தை நன்றாக நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

புதிய ஆட்களுக்கு வீடியோவைப் போட்டுக் காட்டி லைனில் நிறுத்தினோம். மத்தியானம் சாப்பாட்டு நேரத்துக்குள் சூப்பர்வைசர் பயிற்சி அறைக் கதவை உடைக்காத குறையாக வந்து நின்றார். புது ஆட்கள் மாட்டிய அத்தனை சீட்டிலும் தையல் கோணல். எல்லாவற்றையும் கழற்றித் திரும்ப மாட்ட வேண்டும். என்ன எழவைச் சொல்லிக் கொடுத்தீர்கள் என்று கத்தினார். அவள் திரும்பத் திரும்ப வீடியோவை ஓட்டிப் பார்த்தாள். அந்த அண்ணன் சரியாகத்தான் செய்கிறார். அவளுக்கு ஒன்றும் புரியவில்லை, மூக்கு சிவந்து அழுகிற நிலைக்கு வந்துவிட்டாள்.

எனக்குப் புரிந்தது. காரணம் என் புடவை. கல்லூரிப் பிரிவுபசார விழாவுக்கு நானே புடவை கட்டிக்கொள்கிறேன் என்று வீம்பாக அறைக்குள் போய், செல்போனில் ஒரு பெண் கட்டிக் காட்டுவதைப் பார்த்துப் பார்த்துக் கட்டிக்கொண்டு வெளியே வந்தேன். அம்மா ஒரு பார்வை பார்த்துவிட்டுச் சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். முந்தானை வலது தோளில் கிடந்தது. இன்னாடி, சேட்டு வூட்டுக் கல்யாணத்துக்கா போற என்று கேட்டாள். எதிரே நிற்கிறவளைக் கண்ணாடியாக நினைத்து, அவள் எந்தப் பக்கம் போட்டாளோ அந்தப் பக்கமே நானும் போட்டிருக்கிறேன். லைன் பையன்கள் செய்ததும் அதுதான். திரையில் அண்ணனின் கை எந்தப் பக்கம் போனதோ அந்தப் பக்கமே இவர்கள் கையும் போயிருக்கிறது.

“எதுக்க நிக்காதடி. அவரு பின்னால போயி தோளுக்கு மேலேர்ந்து எடு. அவரு கண்ணுக்கு இன்னா தெரியுதோ அதக் காட்டு” என்றேன். புடவைக் கதையையும் சொன்னேன். அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டே சிரித்தாள். அன்று சாயங்காலமே அண்ணனைத் திரும்ப நிறுத்தி, அவர் முதுகுக்குப் பின்னால் ஸ்டூல் போட்டு ஏறி நின்று எடுத்தாள். பவுடர் வீணாகிவிட்டது என்று அவருக்கு வருத்தம். மறுநாளிலிருந்து ஒரு சீட்டிலும் கோணல் இல்லை. அதற்குப் பிறகு எங்கள் கம்பெனியில் எடுத்த எல்லா வீடியோவும் தோளுக்குப் பின்னாலிருந்துதான். இப்போதும் அப்படித்தான் எடுக்கிறேன்.

அவளுக்குக் கேமரா ஒட்டிக்கொண்டது. லீவு நாளில் வாலாஜாபாத் ரயில் நிலையம், சந்தை என்று போய் எதையாவது எடுத்துக்கொண்டு வருவாள். நானும் கூடப் போவேன். எங்கே நிற்பது, எதை விடுவது என்று நான் சொல்வேன், அவள் எடுப்பாள். இரண்டு பேருமாகச் சினிமா எடுப்போம் என்றுதான் பேசிக்கொண்டோம். பேசியதில் பாதிக்கு மேல் நான்தான் பேசினேன்.

ஒருநாள் சென்னையில் ஒரு விளம்பரக் கம்பெனியில் வேலை கிடைத்திருக்கிறது என்று வந்து நின்றாள். காட்சிகளைக் கட்டம் கட்டமாக வரைந்து தர வேண்டுமாம். வட்டம் வராதவளுக்கு வரைகிற வேலை. “ஏட்டி, நீயும் வந்துரு. அங்க இன்னொரு ஆள் வேணும்னு சொல்லுதாவ. ரெண்டு பேருமாப் போவோம்” என்றாள். அம்மாவைத் தனியாக விட்டுவிட்டு எப்படி வருவது என்றேன். அவள் அதற்கு மேல் வற்புறுத்தவில்லை. மாடி அறையைக் காலி செய்த அன்று அம்மா அழுதாள். நான் பெட்டியைத் தூக்கி ஆட்டோவில் வைத்தேன்.

அதற்குப் பிறகு ஆட்டைக் கடித்து மாட்டைக் கடித்து கடைசியில் மனிதனைக் கடித்த கதைதான். முதலில் ஒரு குக்கர் விளம்பரம். வரைந்து கொடுக்கப் போனவளை எடுக்கவே சொல்லிவிட்டார்கள். இட்லி தின்றுகொண்டிருந்த அம்மா டிவியைக் காட்டி, நம்ம பொண்ணு எட்த்ததுடி என்று கையைத் தட்டினாள். அடுப்படியில் நிற்கிற பெண்ணின் தோளுக்கு மேலிருந்து குக்கர் தெரிந்தது. எனக்கு இட்லி இறங்கவில்லை. பிறகு பெரிய இயக்குநர் ஒருவரிடம் உதவியாளராகச் சேர்ந்தாள். முந்தின காட்சியில் யார் எந்தக் கையில் வாட்ச் கட்டியிருந்தார், எந்தப் பக்கம் பை மாட்டியிருந்தார் என்று பார்த்துக்கொள்கிற வேலை. இடது வலது மாறினால் என்ன ஆகும் என்று அவளுக்குத் தெரியாதா? எங்கள் லைனில் பட்ட பாடு அங்கே பேர் வாங்கித் தந்தது.

ஒருமுறை அந்த இயக்குநர் நூறு பேர் முன்னால் திட்டிவிட்டார் என்று போனில் அழுதாள். நான் ஆறுதலாகத்தான் பேசினேன். விட்டுடு, திரும்பி வந்துடு, மாடி ரூம் காலியாத்தான் கீது என்று எவ்வளவு பாசமாகச் சொன்னேன் தெரியுமா? போனை வைத்ததும் அம்மாவிடம் இன்னொரு தோசை கேட்டு வாங்கித் தின்றேன். அவள் வரவில்லை.

கடைசியில் சொந்தப் படம். அதைப் பார்க்க ஓவர்டைம் என்று அம்மாவிடம் பொய் சொல்லிவிட்டுப் பூந்தமல்லிக்குத் தனியாகப் போனேன். படம் மட்டமாக இருக்க வேண்டும் என்று பஸ்ஸில் வேண்டிக்கொண்டேன். தெற்கேயிருந்து ஃபேக்டரி வேலைக்கு வருகிற ஒரு பெண்ணின் கதை. விடுதி, கம்பெனி பஸ், லைன், கேன்டீன் என்று படம் முழுக்கக் கேமரா அவள் தோளுக்குப் பின்னாலேயே போகிறது. அவள் முகமே தெரிவதில்லை. முடிகிற நேரத்தில்தான் திரும்பிப் பார்க்கிறாள். தியேட்டரில் ஒருத்தர்கூட செல்போனைப் பார்க்கவில்லை. என் பக்கத்தில் இருந்த அம்மாள் மூக்கை உறிஞ்சினார். நன்றாக எடுத்திருந்தாள், பாவி. மட்டமாக எடுத்திருந்தால் மன்னித்திருப்பேன்.

அதையாவது பொறுத்துக்கொண்டேன். பேட்டியைப் பொறுக்க முடியவில்லை. டீ நேரத்தில் எல்லோரும் செல்போனில் பார்த்துக்கொண்டிருந்தார்கள். முகத்தைக் காட்டாமல் எடுக்கிற இந்தப் பார்வை எங்கிருந்து வந்தது என்று பேட்டி எடுத்தவர் கேட்டார். அவள் கொஞ்ச நேரம் யோசிப்பது போல மோட்டுவளையைப் பார்த்தாள். “நான் வேலை பார்த்த ஃபேக்டரியில ஒரு லைன் அண்ணன். பள்ளிக்கூடம்கூட முடிக்காதவர். அவர்தான், என் கண்ணுக்கு என்ன தெரியுதோ அதக் காட்டுங்க மேடம்னு சொன்னாரு. டிசைன் காலேஜ் சொல்லித் தராதத அவர் சொல்லித் தந்தாரு” என்றாள். பேட்டி எடுத்தவருக்குக் கண் கலங்கிவிட்டது.

எந்த அண்ணன்? பவுடர் போட்டுக்கொண்டு வந்து முகம் தெரியவில்லையே என்று வருத்தப்பட்ட அண்ணனா? அவள் படித்த அதே காலேஜில் படித்த நான் சொன்னேன் என்று சொன்னால் யாருக்குக் கண் கலங்கும்? பேட்டியில் சொல்ல இப்படி ஓர் அண்ணன் எல்லோருக்கும் தேவைப்படுகிறார். இங்கே கேன்டீனில் அந்த வாரமே மூன்று பேர் அது நான்தான் என்று சொல்லிக்கொண்டு திரிந்தார்கள். அதில் ஒருவர் வேலைக்குச் சேர்ந்ததே அவள் போன பிறகு.

மூன்று நாள் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தேன். நாலாம் நாள் போன் செய்து, வாழ்த்து ஒன்றும் சொல்லாமல் நேரடியாகக் கேட்டேன், அந்த அண்ணன் யார் என்று. அவள் பொய் சொல்லவில்லை, அதுதான் கொடுமை. “லைன்ல ஒரு அண்ணன் சொன்ன மாதிரில்லா எனக்கு ஞாபகம்” என்றாள். நெசமாகவே அவளுக்கு அப்படித்தான் நினைவு. அந்த இடத்திலிருந்து நான் அழிந்துபோய் அங்கே ஓர் அண்ணன் வந்து நின்றுகொண்டார்.

“பொடவடி. முந்தானை” என்றேன்.

அவள் சிரிக்க ஆரம்பித்தாள். ஆமாட்டி, வலது தோளு, சேட்டு வீட்டுக் கல்யாணம், நீதான், நீதான் என்றாள். எல்லோருக்கும் முன்னால் திருத்திச் சொல்லிவிடுகிறேன் என்றாள். அதெல்லாம் வேண்டாம், நான் என்ன அதற்கா கேட்டேன் என்றேன். வேறு எதற்குக் கேட்டேன்?

ஆயுத பூஜைக்கு அவளைச் சிறப்பு விருந்தினராகக் கூப்பிட்டார்கள். எங்கள் கம்பெனியில் அந்த ஒருநாள்தான் வீட்டு ஆட்களை உள்ளே விடுவார்கள். லைனைக் கழுவித் துடைத்து, மெஷினுக்கெல்லாம் சந்தனம் குங்குமம் வைத்து, தூணுக்குத் தூண் வாழைக்கன்று கட்டியிருந்தார்கள். அம்மா பட்டுப்புடவையில் வந்திருந்தாள். நான் நிற்கிற இடம், என் மேசை, என் கேமரா எல்லாவற்றையும் காட்டினேன். எல்லாவற்றுக்கும் தலையாட்டிவிட்டு, அந்தப் பொண்ணு எப்ப வரும் என்று கேட்டாள்.

அவள் வந்தாள். பருத்திப் புடவை, காலில் சாதாரணச் செருப்பு. எங்கள் செக்யூரிட்டிகூட அவளோடு நின்று படம் எடுத்துக்கொண்டார். பூசணிக்காய் உடைத்து முடிந்ததும் மைக்கைக் கொடுத்தார்கள். பேட்டியில் ஒரு தப்புச் சொல்லிவிட்டேன் என்றுதான் ஆரம்பித்தாள். தையல் கோணிய கதை, முகம் தெரியாத படத்தை எவன் பார்ப்பான் என்று தான் கேட்டது, என் முந்தானை, எதையும் விடாமல் சொன்னாள். எல்லோரும் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார்கள். பிறகு கையை நீட்டி என்னைக் காட்டி, “அந்தப் பார்வை இவளுதுதான். நான் அத வாங்கிட்டுப் போயி படம் எடுத்தேன், அவ்வளவுதான்” என்றாள். மொத்த லைனும் திரும்பிக் கைதட்டியது. அம்மாவும் தட்டினாள், கொஞ்சம் தாமதமாக.

என்ன சொல்வது, அந்தக் கொஞ்ச நேரம் நான் தரையிலேயே இல்லை. மேனேஜர் கை கொடுத்தார். பையன்கள், அக்கா இன்னிக்குப் பொடவ எந்தத் தோளு என்று ஓட்டினார்கள். கேன்டீனில் அது நான்தான் என்று திரிந்த மூவரையும் காணோம். இத்தனை வருஷம் எது வேண்டும் என்று வெந்துகொண்டிருந்தேனோ அது கிடைத்துவிட்டது.

கார் வரை அவளைக் கொண்டுபோய் விட்டேன். அடுத்த படத்துக்கு இடம் பார்த்துக்கொண்டிருப்பதாகச் சொன்னாள். நான் நின்றேன். இப்போது கேட்பாள், நீயும் வந்துரு என்று கேட்பாள், அம்மாவைத் தனியாக எப்படி விடுவது என்று சொல்லலாமா, இல்லை இந்த முறை சரி என்றே சொல்லிவிடலாமா என்று எனக்குள் ஓடிக்கொண்டிருந்தது. அவள் என் கன்னத்தைத் தட்டி, மீன் குழம்புக்கு ஒருநாள் வருகிறேன் என்று அம்மாவிடம் சொல்லச் சொன்னாள். கார் போய்விட்டது. அவள் கேட்கவில்லை.

அம்மாவும் நானும் பொரிப் பையும் ஸ்வீட் பாக்ஸுமாகக் கேட்டுக்கு வெளியே பஸ்ஸுக்காக நின்றோம். அம்மா பொரிப் பையை ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு மாற்றிக்கொண்டு என் பக்கம் திரும்பினாள்.

“தோளுக்குப் பின்னாடி வெக்கச் சொன்னது நெசமா நீதானா?”

“ஆமாம்மா.”

“அவ்ளோ தெரிஞ்சவ இன்னாத்துக்குடி இங்கியே குந்திக்கினு கீற?”

உன்னைத் தனியாக விட்டுவிட்டு எப்படிப் போவது என்று ஆரம்பித்தேன். அம்மா என்னை முடிக்க விடவில்லை.

“நானா புட்ச்சி வெச்சேன்? அந்தப் பொண்ணு கூப்டப்போ, போடின்னுதான சொன்னேன்.”

சொன்னாள். படியில் உட்கார்ந்து கீரை ஆய்ந்துகொண்டே, போயிட்டு வாடி, நான் இன்னா கொயந்தையா என்று சொன்னாள். அந்த மாதம்தான் எனக்கு வேலை நிரந்தரமாக வேண்டியிருந்தது. போய் அங்கே ஒன்றும் வராமல் போனால் என்ன செய்வது என்று பயந்துபோய், அம்மா சொன்னதைக் காதில் வாங்காதது போல இருந்துவிட்டேன். அதற்குப் பிறகு எல்லோரிடமும் அம்மாவைக் காரணம் சொல்லிச் சொல்லி எனக்கே அது நிஜமாகிவிட்டது.

அம்மா என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் கையிலிருந்த பொரிப் பையை வாங்கிக்கொண்டு, பஸ் வந்துவிட்டது என்றேன். பஸ் வரவில்லை.